எங்கள் வீட்டுத் தொட்டியின் மூடி

கும்மிடிப்பூண்டியில் எங்கள் மாடி போர்ஷனில் குடியிருக்கும் ஒடிசா தம்பிக்கு மலேரியா. இன்று காலை கொசு ஒழிப்புப் பணியாளர் அக்கா ஒருவர் வந்தார்.

"பின்னாடி கம்பெனி சாக்கடைதான்க்கா காரணம்" என்றேன்.

"மலேரியா கொசுக்கு நல்ல தண்ணிதான்மா வேணும்" என்றபடி மொட்டை மாடிக்கு ஏறினார். தண்ணீர்த் தொட்டி திறந்து கிடந்தது. டார்ச் அடித்தால், உள்ளே புழுக்கள் நெளிகின்றன.

"நோயை அந்தத் தம்பிதான் ஊர்லேர்ந்து கொண்டாந்திருக்கும்" என்று சமாளித்தேன்.

"இருக்கட்டும். அந்தத் தம்பியக் கடிச்சிட்டு வந்து உன்னக் கடிக்கிற கொசுவ நீதான வளத்துக்கினு இருக்கற? தொட்டி மூடி இன்னா ஆச்சு?"

பக்கத்திலேயே, மல்லாத்திப் போட்ட அந்த மூடி நிறைய என் வடகம் காய்ந்துகொண்டிருந்தது.

உங்கள் வீட்டு மூடியில் என்ன காய்கிறது?