பேர் போடாதீங்க என்ற மியூசிக் டைரக்டர்

போன புதன்கிழமை பல் டாக்டரிடம் போவதாக வீட்டில் சொல்லிவிட்டு, பல்லாவரத்தில் மாட்னி ஷோ பார்த்தேன். பல்லுக்கு ஒன்றுமில்லை. எங்கள் சர்ச்சில் சினிமா பார்ப்பது பாவம் — அதனால்தான் இந்தப் பொய்.

இடைவேளைக்குப் பிறகு கதாநாயகனின் அம்மா சாகிற சீன். வயலின்கள் எழுந்தன... எனக்கு வேர்த்துவிட்டது. ஈஸ்டருக்கு முன்னால் லெந்து நாட்களில் நாங்கள் பாடுகிற பாட்டின் மெட்டு அது! ஒரு சுரம்கூட மாறவில்லை.

படத்தில் அந்த சீனுக்கு மியூசிக் போட்டவர் எங்கள் சர்ச் ஆர்கனிஸ்ட். பள்ளிக்கூட வாத்தியார். நிஜப் பேரைச் சொன்னால் என்னைக் கொன்றுவிடுவார். தேவசகாயம் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆறு வருஷமாக, லீவு நாட்களில் தாம்பரத்தில் எலெக்ட்ரிக் ட்ரெயின் ஏறி, கோடம்பாக்கம் போய்ப் பின்னணி இசை அமைக்கிறார். பாட்டெல்லாம் வேறு ஆள். அழுகை, சண்டை, துரத்தல் — இவர்.

டைட்டிலில் பேர் பெரிதாக வரவில்லையே என்று சண்டை போடுகிறவர்கள் உண்டு. பேரே போடாதீர்கள் என்று கெஞ்சுகிறவரைப் பார்த்திருக்கிறீர்களா? தெரிந்தால் சர்ச் ஆர்கன் கையை விட்டுப் போய்விடும். வீட்டில் ஒரு ஹார்மோனியப் பெட்டிகூடக் கிடையாது. கத்திச் சண்டைக்குக்கூட அந்த ஆர்கனில்தான் வாசித்துப் பார்ப்பார், பாவம்!

தியேட்டரிலிருந்து நேராக அவர் வீட்டுக்குப் போனேன்.

"ஏன் சார் இப்படிப் பண்ணீங்க?"

"வேணும்னு பண்ணலை சார். சாவு சீன்னதும் கை தானா அங்க போயிடுச்சு. ரெக்கார்டிங் முடிஞ்சு ட்ரெயின் ஏறினப்புறம்தான் எனக்கே உறைச்சது."

ஞாயிற்றுக்கிழமை ஆராதனையில் அதே பாட்டு. இரண்டாவது வரியில் பெஞ்சுகளில் தலைகள் சட்டென்று நிமிர்ந்தன. ஒன்றிரண்டு அல்ல... முன்வரிசையில் ஒரு அக்கா கர்ச்சீப்பை எடுத்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அந்த சினிமா அம்மாவை நினைத்துத்தான், சத்தியமாக!

ஆராதனை முடிந்ததும் கமிட்டி கூடியது. நானும் ஒரு மெம்பர். தேவசகாயத்தையும் உட்கார வைத்துவிட்டு, செயலாளர் எழுந்தார்.

"நம்ம ஆர்கனிஸ்ட் சினிமாவுக்கு மியூசிக் போடறார்னு ஒரு பேச்சு அடிபடுது. யாருக்காவது ஏதாவது தெரிஞ்சா இப்பவே சொல்லிடுங்க."

தேவசகாயத்தின் முகத்தில் ரத்தமே இல்லை.

ஒருவர் கண்ணாடியைத் துடைத்தார். இன்னொருவர் ஃபேனையே பார்த்தார். எப்படிச் சொல்வார்கள்? மெட்டை எங்கே கேட்டீர்கள் என்று அடுத்த கேள்வி வருமே!

"அப்ப வெறும் புரளிதான்" என்று செயலாளர் உட்கார்ந்தார். அவர் குரலிலும் ஒரு நிம்மதி தெரிந்த மாதிரி எனக்குப் பட்டது.

அப்பாடா! தப்பு செய்கிறவன் தனியாகச் செய்யக் கூடாது, ஐயா. ஊரே சேர்ந்து செய்தால் காட்டிக்கொடுக்க ஆள் இருக்காது.

வாசலில் எங்கள் போதகர் ஐயா தேவசகாயத்தின் கையைக் குலுக்கினார். பிறகு குனிந்து மெதுவாகச் சொன்னார்:

"அடுத்த படத்தைக் கொஞ்சம் தள்ளி வேற ஊர்ல ரிலீஸ் பண்ணச் சொல்லுங்க, சார். பல்லாவரத்துல தியேட்டர் பூரா நம்ம ஆளுங்கதான்."