ஜன்னல் வழியே ஏற்றிய தம்பி

வெயிலில் நின்று காய்ந்த பேருந்தின் ஜன்னல் கம்பியைப் பிடித்தால் உள்ளங்கையில் ஒரு துரு வாடை ஒட்டிக்கொள்ளும். சோப்புப் போட்டுக் கழுவினாலும் ராத்திரிச் சாப்பாடு வரைக்கும் போகாது. காரைக்கால் பேருந்து நிலையம் என்றால் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது அந்த வாடைதான். டீசலும் மல்லிகைப்பூவும் கருவாட்டுக் கூடையும் அதற்குப் பிறகுதான் வரும். இன்றைக்கும் துருப்பிடித்த இரும்பு மூக்குக்கு எட்டினால் உடனே என் உள்ளங்கையை முகர்ந்து பார்த்துக்கொள்கிறேன். நாற்பதை நெருங்குகிற ஒருத்தி இப்படிச் சொல்வது சிரிப்பாகத்தான் இருக்கும், சிரித்துக்கொள்ளுங்கள்.

எங்கள் ஊர் வரிச்சிக்குடி. துணி எடுக்க, பல் பிடுங்க, சினிமா பார்க்க, எதற்கும் காரைக்கால்தான் போகவேண்டும். போக வழிகள் பல இருந்தன, ஒவ்வொரு வழிக்கும் அம்மாவிடம் ஒரு பயம் தயாராக இருந்தது. அப்பாவின் சைக்கிளில் போனால் சக்கரத்தில் பாவாடை சிக்கும். டெம்போவில் போனால் பின்பக்கம் தொங்குகிறவர்களோடு சேர்ந்து நாமும் விழுவோம். அவள் நம்பியது "டவுன் பஸ்" ஒன்றை மட்டும்தான். அந்த நீல நிறத் தனியார் பேருந்தின் கண்டக்டர் எங்கள் ஊரில் பெண் எடுத்தவர் என்பது அதற்குக் காரணம். அவள் அதிகமாகப் பயந்தது "எக்ஸ்பிரஸு"க்கு. "அது நம்ம ஊருல நிக்காதுடி. ஏறிட்டோம்னா பூவம் பாலத்தைத் தாண்டி தமிழ்நாட்டுலதான் இறக்கிவிடுவான்" என்பாள். கிழக்கே கடல், மற்ற மூன்று பக்கமும் தமிழ்நாடு என்று கிடக்கிற பாண்டிச்சேரித் துண்டு எங்களுடையது. பாலத்துக்கு அந்தப் பக்கம் வேறு போலீஸ், வேறு சட்டம் என்று பெரியவர்கள் பேசிக் கேட்டுக் கேட்டு, அது ஏதோ வெளிநாடு என்றே நான் நினைத்திருந்தேன். என் சொந்த அத்தை அந்த வெளிநாட்டில்தான் குடியிருந்தாள் என்பது அப்போது எனக்கு உறைக்கவில்லை.

பேருந்து நிலையத்தில் "சீட் போடுறது" என்று ஒன்று உண்டு. வண்டி வந்து நிற்பதற்குள் ஜன்னல் வழியாகத் துண்டையோ பையையோ குடையையோ இருக்கையில் வீசிவிட வேண்டும். வீசிவிட்டால் அந்த இடம் நமக்கு. அப்புறம் நிதானமாகப் படியேறி வரலாம். வீச ஒன்றும் இல்லாதவர்கள் பிள்ளையை வீசுவார்கள். வீசுவது என்றால், தூக்கி ஜன்னல் வழியாக உள்ளே இறக்குவது. யார் பிள்ளை என்று யாரும் கேட்கமாட்டார்கள். வெளியே நிற்கிற யாராவது தூக்கிக் கொடுப்பார்கள், உள்ளே இருக்கிற யாராவது வாங்கிக்கொள்வார்கள். பிள்ளை கையை விரித்து உட்கார்ந்து, யார் வந்து கேட்டாலும் "ஆள் வருது" என்று சொல்லவேண்டும். நானே அப்படிப் பலமுறை இறக்கப்பட்டு, பலமுறை ஆள் வருது சொல்லியிருக்கிறேன். அதில் எனக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

எனக்குப் பத்து வயது, தம்பி குமரனுக்கு நாலு. விடுமுறை முடிகிற ஒரு ஞாயிற்றுக்கிழமை, சாயங்கால நேரம். ஊருக்குத் திரும்புகிறவர்களால் நிலையம் நிரம்பி வழிந்தது. எங்கள் வண்டி நிற்கும் இடத்தில் இருந்த தூணருகே எங்களை நிறுத்திவிட்டு அம்மா சொன்னாள்: "அப்பாவுக்கு மாத்திரை வாங்கிட்டு ஓடி வந்துடுறேன். வண்டி வந்தா சீட் போட்டு வை. தம்பியைப் பாத்துக்க." பையும் குடையும் அவளோடு போய்விட்டன. அவள் போன கொஞ்ச நேரத்தில் அதே இடத்தில் நீல நிறத்தில் ஒரு பேருந்து வந்து நின்றது. கூட்டம் முன்னால் பாய்ந்தது. ஊர்ப் பெயர் எழுதிய பலகை எனக்குத் தெரியவில்லை, நீலம் தெரிந்தது, அது போதும் என்று நினைத்தேன். போட என்னிடம் தம்பியைத் தவிர வேறு ஒன்றும் இல்லை.

சட்டைப் பையில் பேனா குத்தியிருந்த ஒரு மாமாவிடம் கேட்டேன். அவர் சிரித்துக்கொண்டே குமரனை அக்குளில் பிடித்துத் தூக்கி உள்ளே இறக்கினார். நான் கம்பியைப் பிடித்து எக்கி, "கையை விரிச்சி உக்காரு. ஆள் வருதுன்னு சொல்லு" என்றேன். அவன் மிகவும் கவனமாகத் தலையாட்டினான். நான் கூட்டத்தைச் சுற்றிக்கொண்டு வாசலுக்கு ஓடினேன். படியில் கால் வைக்க இடமில்லை. யாருடைய முழங்கையோ என்னைப் பின்னால் தள்ளியது. விசில் கேட்டது. "போலாம், ரைட்!" வண்டி நகர்ந்தது. என்னைக் கடந்து போன அதன் முதுகில் கொட்டை எழுத்தில் சென்னை என்று எழுதியிருந்தது.

அந்த நொடியை இத்தனை வருஷமாக எழுதிப் பார்க்க முயன்று தோற்றிருக்கிறேன். கத்தவேண்டும் என்று தெரிகிறது, வாய் திறக்கிறது, சத்தம் வரவில்லை. சென்னை எவ்வளவு பெரியது, அங்கே ஒரு பேருந்திலிருந்து இறங்குகிற நாலு வயதுப் பிள்ளை எந்தப் பக்கம் நடக்கும் என்று மட்டும் மனசு கணக்காக யோசித்துக்கொண்டிருந்தது.

அம்மா வந்தாள். என் முகத்தைப் பார்த்தாள். "தம்பி எங்கடி?" நான் கையைச் சாலைப்பக்கம் காட்டினேன். "சென்னை பஸ்ஸுல…" என்றேன். "எப்படிடி போனான்?" என்று அவள் என் தோளைப் பிடித்து உலுக்கியபோது, யோசிக்காமல் என் வாய் சொன்னது: "அவனாவே ஜன்னல்ல ஏறிட்டாம்மா."

அம்மா போட்ட சத்தத்தில் ஆட்டோ நிறுத்தத்திலிருந்து ஜமால் பாய் வண்டியை எடுத்துக்கொண்டு வந்துவிட்டார். அப்பாவுக்கு உடம்பு முடியாதபோதெல்லாம் ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போகிறவர். "ஏறுங்க தங்கச்சி, புடிச்சிடலாம். அழுவாதீங்க, அல்லா இருக்கான்" என்றார். மூவரும் பறந்தோம். அம்மா மாரியம்மனையும் நாகூர் ஆண்டவரையும் மாற்றி மாற்றிக் கூப்பிட்டுக்கொண்டு வந்தாள். நெல் மூட்டை ஏற்றிய டிராக்டர் ஒன்று முன்னால் ஊர்ந்தது. அதைத் தாண்டுவதற்குள் அம்மா ஆட்டோ கம்பியைக் கடித்தேவிட்டாள். கோட்டுச்சேரிக் கடைத்தெருவில் பாய் தலையை வெளியே நீட்டி, "சென்னை வண்டி போயிடுச்சா?" என்று கேட்டார். டீக்கடையிலிருந்து "இப்பத்தான் போவுது, பாய்" என்று பதில் வந்தது.

கொஞ்ச தூரம் போனதும் அவர் கண்ணாடியில் என்னைப் பார்த்தார். "ஏம்மா, அந்த ஜன்னல் என் தலை உசரம் இருக்கே. நாலு வயசுப் புள்ள எப்படி ஏறுச்சு?" நான் முகத்தைச் சாலைப்பக்கம் திருப்பிக்கொண்டேன். அம்மா காதில் அது விழவும் இல்லை. அதுவரை எனக்கு இருந்தது ஒரே பயம், தம்பி கிடைக்கவேண்டுமே என்று. அதன்பிறகு இன்னொன்று வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொண்டது. கிடைத்துவிட்டால் அவன் சொல்லிவிடுவானே. அப்படியானால், கிடைக்காமல் இருந்தால்? ஒரு நொடிதான். ஆனால் நினைத்தேன். என் தம்பியைப் பற்றி நான் நினைத்தேன். எங்கள் ஊர் நிறுத்தம் வந்தது, தெரிந்த முகங்கள் ஏதோ கேட்டுக் கை காட்டின, ஆட்டோ நிற்காமல் தாண்டிப் போயிற்று.

பூவம் பாலத்துக்கு முன்னால் ஆட்டோ நின்றுவிட்டது. "தங்கச்சி, நமக்கு பாண்டி பர்மிட்டு. அந்தப் பக்கம் போனா வண்டியைப் புடிச்சிப் போட்டுடுவான்." அம்மா இறங்கி ஓடினாள், அவள் செருப்பு ஒன்று ஆட்டோவிலேயே கிடந்தது. நானும் பின்னால் ஓடினேன். பாலத்துக்கு அப்பால் செக்போஸ்டில் அந்த நீலப் பேருந்து நின்றிருந்தது. எங்கள் ஊரில் சாராயம் மலிவு என்பதால் எல்லை தாண்டும் வண்டிகளில் ஏறிப் பை பையாகப் பாட்டில் தேடுவார்கள். ஊரே திட்டுகிற அந்தச் சோதனை அன்றைக்கு எங்களுக்காகவே நடந்ததுபோல இருந்தது. போலீஸ்காரர் பின்படியில் இறங்கிக்கொண்டிருந்தார். வண்டி உறுமியது. ஜமால் பாய் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு அம்மாவைத் தாண்டி ஓடினார். ஓடிப்போய்ப் பேருந்துக்கு முன்னால், நடுச்சாலையில், இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு நின்றார்.

அவர் தோளில் குமரன் வந்தான். அழுதுகொண்டிருந்தான். பயத்தால் இல்லை. "எறக்கிட்டாங்க, அக்கா சீட்டு போயிடுச்சு" என்று அழுதான். கூடவே இறங்கிவந்த கண்டக்டர் தலையில் கை வைத்துக்கொண்டு, "யார்கூடடா வந்தேன்னு கேட்டா ஆள் வருதுங்கிறான். நெரிசல்ல பின்னாடி யாரோ நிக்கிறாங்கன்னு நெனச்சிட்டேன்" என்றார். அம்மா அவனை வாங்கி நெஞ்சோடு அணைத்தாள். அணைத்த கையாலேயே முதுகில் அறையத் தொடங்கினாள். "ஏறுவியா? இனிமே ஜன்னல்ல ஏறுவியாடா?" நான் மூன்றடி தள்ளி நின்றேன். அவன் அம்மாவின் தோளுக்கு மேலாக என்னைப் பார்த்தான். இதோ சொல்லப்போகிறான் என்று கண்ணை மூடிக்கொண்டேன். "ஏற மாட்டேன்" என்றான்.

அம்மா சாகும்வரை அதை அவன் செய்ததாகவே சொல்லிக்கொண்டிருந்தாள். உறவுக்காரர்களிடம், புதிதாக வந்த மருமகளிடம், ஆஸ்பத்திரி நர்ஸிடம்கூட. சொல்லிச் சொல்லி அது அவனுக்கே நினைவாகிவிட்டது. இப்போது அவனே சொல்கிறான், கையை எட்டி, கம்பியைப் பிடித்து, காலை உந்தி எப்படி ஏறினான் என்று நடித்தும் காட்டுகிறான். முடிவில் என்னைக் காட்டி, "எங்க அக்கா மட்டும் பாத்து சொல்லலன்னா நான் இன்னைக்கி எந்த ஊர்ல இருப்பேனோ" என்பான். எல்லோரும் என்னைப் பார்த்துச் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன்.

போன மாதம் சென்னைக்குத் திரும்ப என்னைப் பேருந்து ஏற்றிவிட அவன் காரில் கூட்டிவந்தான். இப்போது ரயில் இருக்கிறது, ஊருக்கு ஊர் ஷேர் ஆட்டோ இருக்கிறது, வீட்டுக்கு இரண்டு ஸ்கூட்டர் இருக்கிறது. சென்னை வண்டியின் ஜன்னல்கள் திறக்கவே திறக்காத கண்ணாடிகள். இருக்கை எண் கைப்பேசியில் வந்துவிடுகிறது. துண்டு வீசுகிறவர் யாரும் இல்லை, ஆள் வருது என்று சொல்லும் பிள்ளைகளும் இல்லை. அவனிடம் இன்றாவது சொல்லிவிடலாம் என்று வழியெல்லாம் வாயைத் திறந்து திறந்து மூடினேன். நிலையத்துக்கு வெளியே இறங்கியதும் அவன் தன் மகளை என்னிடம் விட்டான். அவளுக்கு நாலு வயது. "காரை ஓரமா போட்டுட்டு வந்துடுறேன். நீ அத்தைகூட நில்லு" என்று அவளிடம் சொல்லிவிட்டு என்னைப் பார்த்து, "உங்கிட்ட விட்டா எனக்குப் பயமே இல்லக்கா" என்றான்.

அவன் திரும்பி வரும்வரை நான் அந்தக் கூட்டத்தில் நின்றேன். பிள்ளை இரண்டு முறை என்னை அண்ணாந்து பார்த்தாள். மூன்றாம் முறை மெதுவாகச் சொன்னாள்: "அத்தை, கை வலிக்குது."