நானூறு ஆண்பிள்ளைகள்

3.7.1998 – கன்று 140 – ரூ. 700
21.7.1998 – கன்று 160 – ரூ. 800
9.8.1998 – கன்று 100 – ரூ. 500

என் தங்கை தன் கணவரின் அண்ணனுக்கு நானூறு முட்சங்கன் கன்றுகளை விற்ற விவரம் இது. அந்த இரண்டாயிரத்தை அவள் ஒரு தகர டப்பாவில் போட்டு மூடினாள். "எதுக்கும்மா?" என்றேன். "பத்திரச் செலவுக்கு" என்றாள். எந்தப் பத்திரம் என்று நான் கேட்கவில்லை. எனக்குத் தெரியும்.

அவளும் கணவரும் அரை ஏக்கர் நிலத்தில் குடியிருந்தார்கள். அண்ணனும் தம்பியும் பாதிப் பாதி போட்டு வாங்கியது. பத்திரம் மட்டும் அண்ணன் பெயரில். நிலத்தைச் சுற்றியிருந்த முட்சங்கன் வேலிதான் அவள் பிழைப்பு. இலையைப் பறித்து, நிழலில் உலர்த்தி, மருந்துக் கடைகளுக்குக் கொடுப்பாள். சளி இருமலுக்கு இலைச்சாறு, பிள்ளை பெற்றவளுக்குக் கஷாயம், மூட்டுவலிக்கு வேர்ப்பட்டை என்று வாங்கிப் போவார்கள். நான் ஒரு மருந்துக்கூடத்தில் முப்பத்தொரு வருடம் சரக்குக் கணக்கு எழுதியவன். அவள் கொண்டுவரும் இலைக்கட்டில் ஒரு பழுப்பு இலையைக்கூடப் பார்த்ததில்லை.

1994-இல் கணவர் இறந்தார். அந்த மாதமே அவருடைய அண்ணன் வாசலில் வந்து நின்றார். ஊரில் அவருக்கு 'மூணு சிங்கம்' என்று பெயர். மூன்று மகன்கள், யாரைப் பார்த்தாலும் "எனக்கு மூணு சிங்கம்" என்றுதான் பேச்சை ஆரம்பிப்பார். என் தங்கைக்கு ஒரே மகள்.

"ஆண் வாரிசு இல்லாத வீட்டுக்கு நிலம் எதுக்கும்மா? நாளைக்கு எவனோ ஒருத்தன் உன் பொண்ணைக் கட்டிட்டு என் தம்பி மண்ணுல வந்து உக்காருவான்."

"அதுல பாதி உங்க தம்பி காசு, அத்தான்."

"ஒரு ஆம்பளைப் பிள்ளையோட வந்து கேளு. தரேன்."

புருஷனைப் பறிகொடுத்தவளிடம் சொன்ன வார்த்தை இது. அவள் அழவில்லை. கடப்பாரையை எடுத்து வேலியிலிருந்து பதினெட்டுத் தூர்களைப் பெயர்த்தாள். கையெல்லாம் ரத்தம். முட்சங்கனுக்குக் கணுவுக்கு நாலு முள். போதாததற்கு இலை நுனியும் குத்தும். மகளோடும் தூர்களோடும் என் வீட்டுக்கு வந்தாள். மறுவாரம் அவர் வேலியை அழித்து லாரிக் கொட்டகை போட்டார்.

முட்சங்கனில் ஆண் செடி வேறு, பெண் செடி வேறு. இலையும் முள்ளும் ஒன்றுபோல இருப்பதால் பூக்கும்வரை அடையாளம் தெரியாது. பூவைக் கட்டைவிரலால் தேய்க்கும்போது மஞ்சள் தூள் ஒட்டினால் ஆண். முத்துப்போல வெள்ளையாகப் பழம் வைப்பது பெண் மட்டுமே. வேரிலிருந்து கிளம்பும் கன்று தாய்ச்செடி எதுவோ அதுவாகவே இருக்கும். என் வீட்டுப் பின்புறத்தில் தங்கை ஆணை இடப்பக்கமும் பெண்ணை வலப்பக்கமும் நட்டாள். நான்கு வருடத்தில் இரண்டு பக்கமும் புதராக அடைத்துக்கொண்டன.

அப்போது ஒரு மருந்துக் கம்பெனிக்கு விதைக்காக முட்சங்கன் பழம் தேவைப்பட்டது. மூணு சிங்கம் பழம் தருவதாக ஒப்பந்தம் போட்டு, முன்பணம் வாங்கி, அதில் மகன்களுக்கு இன்னொரு லாரியும் வாங்கிவிட்டார். பிறகுதான் செடி ஞாபகம் வந்தது.

"பழசை மனசுல வெச்சுக்காதேம்மா. நானூறு கன்னு வேணும். வீரியமானதா குடு."

"வீரியமாவே தரேன், அத்தான்."

அவள் தோண்டுவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். "என்னம்மா, இடப்பக்கமாவே தோண்டுறே?"

"அவருக்குப் பொண்ணுன்னா பிடிக்காதுண்ணே."

வாய்விட்டுச் சிரித்தேன். அதற்காக அன்றும் நான் வருந்தவில்லை, இன்றும் இல்லை.

மூன்று வருடம் அவர் தண்ணீர் ஊற்றினார், எரு போட்டார், ஆடு கடிக்காமல் காவல் இருந்தார். 2001-இல் பூத்ததும் ஊரெல்லாம் சொல்லிப் பெருமைப்பட்டார். பழம் வைக்கவில்லை. அடுத்த வருடமும் பூ மட்டும்தான். மருந்து அடித்தார், மகன்களைத் திட்டினார். கடைசியில் கம்பெனி ஆள் வந்தான். நாலு பூவைக் கிள்ளிப் பார்த்தான்.

"ஐயா, தோட்டம் முழுக்க மாப்பிள்ளைங்க. பொண்ணே இல்லாம எங்கே கல்யாணம் நடக்கும்?"

அன்றிலிருந்து அவர் பெயர் 'நானூறு சிங்கம்'.

காய்க்கிற செடிகளை உடனே கொண்டுவந்து நட்டால் ஒரு வருடம் தவணை. இல்லாவிட்டால் முன்பணத்தை வட்டியோடு கட்ட வேண்டும் என்றது கம்பெனி. வளர்ந்து காய்த்த பெண் செடிகள் எங்கள் வீட்டு வலப்பக்கத்தில் பழத்தோடு நின்றன.

"கழுத்தறுத்துட்டியே!" என்று கத்திக்கொண்டே வந்தார்.

"நீங்க கன்னுதானே கேட்டீங்க, அத்தான்? ஆணா பொண்ணான்னு கேட்டிருந்தா சொல்லியிருப்பேனே."

பல்லைக் கடித்துக்கொண்டு, "சரி, விலையைச் சொல்லு" என்றார்.

"நிலம். வாயால கேட்டா பத்தாது. பொண்ணு வேணும்னு எழுதி, கையெழுத்துப் போட்டுக் கேளுங்க."

முதல் கடிதம் முழுக்க வசவு. இரண்டாவதில் பணம் தருவதாகப் பேரம். இரண்டையும் அடுப்பில் போட்டாள். மூன்றாவதில் இரண்டே வரி: "நிலத்தை உன் மகள் பெயரில் எழுதித் தருகிறேன். எனக்குப் பெண் வேண்டும்." கீழே கையெழுத்து.

அவள் அதை இரண்டு முறை படித்தாள். பிறகு தகர டப்பாவை இறக்கி என் முன்னால் வைத்தாள்.

"பத்திரச் செலவுக்குப் பத்துமா பாருண்ணே."

கடிதம் வந்து சேர்ந்த நாள்: 14.11.2002.