சாவியை எடுக்காமல் போனவன்

குக்கருக்கு ஒரு கேஸ்கட் வாங்கத்தான் அன்று சித்தூரில் இறங்கினேன். நான் வேலை பார்க்கும் திருப்பதியில் அந்தக் கம்பெனி ரப்பர் கிடைக்கவில்லை. மார்க்கெட்டை ஒட்டிய கடையில் வாங்கிக்கொண்டு, எதிரே வண்டிகள் நிறுத்தும் இடத்தின் ஓரத்தில் இருந்த டீக்கடையில் நின்றேன். நல்ல வெயில். பஸ் வர நேரமிருந்தது.

ஒரு பையன் மொபெட்டில் வந்தான். நீலக் கட்டம் போட்ட சட்டை. வண்டியை மற்ற வண்டிகளுக்கு நடுவே சொருகி நிறுத்திவிட்டு விறுவிறுவென்று நடந்தான். சாவி வண்டியிலேயே தொங்கிக்கொண்டிருந்தது. முன்னால் ஒரு பை மாட்டியிருந்தது. நான் கல்லூரியில் பாடம் நடத்துகிறவள். கவனக்குறைவான பிள்ளைகளைக் கண்டால் வாய் சும்மா இருக்காது.

"தம்பி, சாவி! சாவிய வுட்டுட்டுப் போற பாரு!"

அவன் திரும்பவில்லை. கேட்கவில்லை போலிருக்கிறது என்று நினைத்தேன். டீக்கடைக்காரர் சிரித்தார்.

"இந்தக் காலத்துப் பசங்களுக்கு நெனப்பெல்லாம் போன்லதான் மேடம். யாராச்சும் தள்ளிக்கினு போய்டுவான். இருங்க, நான் எடுத்து வெக்கிறேன்."

அவர் கடையை விட்டு இறங்கி வண்டிகளுக்குள் நடந்தார். நான் டம்ளரை வாயருகே கொண்டுபோனேன்.

சத்தம் எனக்கு நினைவில்லை. சத்தத்துக்குப் பிறகு வந்த அமைதிதான் நினைவிருக்கிறது. நான் மண்ணில் உட்கார்ந்திருந்தேன். பால் பாத்திரம் கவிழ்ந்து என் புடவை நனைந்திருந்தது. எல்லாரும் வாயைத் திறந்து திறந்து மூடினார்கள், ஒன்றும் கேட்கவில்லை. புகைக்கு நடுவே டீக்கடைக்காரர் தன் முழங்காலுக்குக் கீழே பார்த்துக்கொண்டிருந்தார், யாருடைய காலையோ பார்ப்பதுபோல.

அவருக்கு வலது கால் போனது. எனக்கு இடது காது போனது. யாரும் சாகவில்லை. அதனால் தொலைக்காட்சிகள் சீக்கிரமே வேறு செய்திக்குப் போய்விட்டன.

இதைச் சொல்லும்போதெல்லாம் கேட்பவர்கள் முதலில் ஒரு கேள்வி கேட்பார்கள்: "அவன் எந்தக் கூட்டம்?" மதமா, கட்சியா, காட்டுக்குள் இருப்பவர்களா என்று. பதில் சொன்னதும் அவர்கள் முகத்தில் ஒரு திருப்தி வரும். விஷயம் புரிந்துவிட்டது, இனி கேட்க ஒன்றுமில்லை என்பதுபோல. அதனால் இப்போதெல்லாம் நான் அதைச் சொல்வதில்லை. இங்கும் சொல்லப் போவதில்லை.

சில வாரங்களில் அவனைப் பிடித்தார்கள். செல்போன் ரிப்பேர் கடை வைத்திருந்தவன். போலீஸார் வீட்டுக்கு வந்து ஒரு போட்டோவைக் காட்டினார்கள். "இவன்தானே மேடம்?" உடம்புவாகு அப்படித்தான் இருந்தது போலிருக்கிறது என்றேன். முகத்தை நான் பார்க்கவில்லை என்றும் சொன்னேன். அவர்கள் தலையாட்டிக்கொண்டு எழுதிப்போனார்கள்.

நான் நடத்துவது வரலாறு. வழக்கு இழுத்துக்கொண்டிருந்த காலத்தில் பாடத்திட்டம் மாறி, நவீன பயங்கரவாதத்தின் வேர்களும் காரணங்களும் என்று ஒரு பகுதி சேர்ந்தது. துறைத் தலைவர் என்னிடம் தயங்கித் தயங்கி, "இந்த யூனிட்டை வேறு யாருக்காவது கொடுத்துவிடட்டுமா?" என்று தெலுங்கில் கேட்டார். வேண்டாம், நானே எடுக்கிறேன் என்றேன். எனக்குத் தெரிந்தாக வேண்டியிருந்தது. என் காதைப் பிடுங்கிக்கொண்டு போனது எங்கிருந்து வந்தது என்று நான் ஏற்கெனவே தேடித் தேடிப் படித்துக்கொண்டிருந்தேன். கோபத்தோடு படித்தேன்.

படித்ததை வகுப்பில் சொன்னேன். 'டெரரிசம்' என்ற அந்தச் சொல்லே முதலில் ஓர் அரசாங்கம் தன் குடிமக்களை நடுங்கவைத்து ஆண்டதற்கு வைத்த பெயர் என்று சொன்னேன். பிறகு வெடிமருந்து சின்னப் பைக்குள் அடங்கும் அளவுக்கு வந்தது. பத்திரிகை மறுநாளே செய்தியை ஊரெங்கும் கொண்டுபோனது. ஒற்றை ஆள் ஒரு சாம்ராஜ்யத்தை மிரட்டலாம் என்ற எண்ணம் அப்போது பிறந்தது. அடிமைப்பட்ட நாடுகளில் ஆட்சியாளன் விதைத்த பயமும் எதிர்த்தவன் எறிந்த குண்டும் ஒன்றையொன்று வளர்த்தன. வல்லரசுகள் தங்கள் சண்டையை அடுத்தவன் வீட்டுப் பிள்ளைகளின் கையில் துப்பாக்கி கொடுத்து நடத்தின. சண்டை முடிந்தபின் துப்பாக்கியைத் திருப்பிக் கேட்க யாரும் போகவில்லை. இதையெல்லாம் கரும்பலகையில் அம்புக்குறி போட்டு எழுதினேன். வறுமை, அவமானம், கொள்கை, அண்டை நாட்டுச் சதி. எல்லா அம்புகளும் ஒரு வட்டத்தை நோக்கிப் போயின.

சித்தூர் பக்கத்துக் குடிபாலாவைச் சேர்ந்த ஒரு மாணவி எழுந்து நின்றாள். வகுப்பில் அதிகம் பேசாதவள்.

"மேடம், நீங்க எழுதினதெல்லாம் எங்க ஊர்லயும் இருக்குது. வறுமை, அவமானம் எல்லாமே. ஆனா எங்க ஊர்ல யாரும் குண்டு வெக்கலையே?"

வகுப்பே என்னைப் பார்த்தது. எனக்கு நேர்ந்தது அவர்களுக்குத் தெரியும். நல்ல கேள்வி, யோசித்துச் சொல்கிறேன் என்று உட்காரவைத்தேன். என் கை சாக்பீஸைத் தூளாக்கிக்கொண்டிருந்ததை அப்புறம்தான் பார்த்தேன்.

கோர்ட்டிலிருந்து சம்மன் வந்தபோது தம்பியும் என்னோடு கிளம்பினான். நகரியில் விசைத்தறி ஓட்டுகிறவன். என்னைவிடப் பல வயது இளையவன். என் காதுக்காக என்னைவிட அதிகம் கோபப்பட்டவன்.

கோர்ட்டில் அரசு வழக்கறிஞர் என்னைத் தனியாக அழைத்துப் பேசினார். போலீஸ் எழுதியதில் நான் முகத்தைத் தெளிவாகப் பார்த்ததாக இருக்கிறதாம்.

"அப்படி நான் சொல்லலைங்க. முதுகைத்தான் பார்த்தேன்."

அவர் குரலைத் தாழ்த்தினார். "ஒக்க மாட்ட சாலு, மேடம்." ஒரே ஒரு வார்த்தை போதும். கூண்டில் நிற்கிறவனைக் காட்டி, இவன்தான் என்று சொன்னால் போதும். "அவன்தான் செய்தான் என்று உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அப்புறம் என்ன?"

தம்பி என் தோளைத் தொட்டான். "சொல்லிடுக்கா. இதுல இன்னா யோசிக்கிறதுக்குக் கீது?"

நான் வராந்தாவுக்கு வந்து பெஞ்சில் உட்கார்ந்தேன். தம்பி தண்ணீர் வாங்கப் போனான்.

என் இடது பக்கம் யாரோ உட்கார்ந்தது தெரிந்தது. கொஞ்ச நேரம் கழித்து அந்த ஆள் எழுந்து சுற்றிவந்து வலது பக்கம் உட்கார்ந்தார். அறுபதைத் தாண்டியவர். துவைத்த வெள்ளைச் சட்டை. மூட்டை தூக்கித் தூக்கிக் கழுத்துக்குக் கீழே தடித்துப்போன தோள்.

"நாலு வாட்டி கேட்டேம்மா, எந்த கேஸுக்கு வந்தீங்கன்னு. அந்தப் பக்கத்துக் காது கேக்காதா?"

"கேக்காதுங்க. குண்டு வெடிச்சதுல போய்டுச்சு."

அவர் அப்படியே உறைந்துபோனார். முகத்தில் ரத்தம் வற்றுவதை என் கண்ணால் பார்த்தேன். எழுந்து போய்விடுவார் என்று நினைத்தேன். போகவில்லை. தன் இரண்டு கைகளையும் முழங்கால்களுக்கு நடுவே வைத்து இறுக்கிக்கொண்டார்.

"நான் அவனோட நைனாம்மா."

நான் எழுந்துவிட்டேன். எனக்குள் என்ன ஏறியது என்று சரியாகச் சொல்லத் தெரியவில்லை. கத்த வேண்டும்போல இருந்தது. அதற்குள் தண்ணீர் பாட்டிலோடு வந்த தம்பிக்கு என் முகத்தைப் பார்த்தே புரிந்துவிட்டது.

"யாரு? அவன் அப்பனா? நீ இன்னாக்கா இவன்கிட்ட பேசிக்கினு கீற?" அவர் சட்டையைக் கொத்தாகப் பிடித்துத் தூக்கினான். பட்டன் ஒன்று தெறித்தது. அவர் தடுக்கவே இல்லை. அடி விழட்டும் என்று கண்ணை மூடிக்கொண்டார். தூரத்திலிருந்து கான்ஸ்டபிள் ஒருவர் அதட்டினார்.

"விடுடா அவர."

"அக்கா..."

"விடுன்றேன்ல!"

விட்டான். ஆனால் நகரவில்லை. இரண்டடி தள்ளிச் சுவரில் சாய்ந்து நின்றுகொண்டான். நான் நின்றபடியே கேட்டேன். "மன்னிப்பு கேக்க வந்தீங்களா?"

"இல்லம்மா. அத கேக்க எனக்கு இன்னா யோக்கியதை கீது."

"அப்ப சொல்லுங்க. ஏன் பண்ணான்?"

அவர் நிமிர்ந்து பார்த்தார். அந்தக் கேள்வியை அவரிடம் யாரும் கேட்டதில்லை போலும். போலீஸ் எப்படி, எங்கே, யார் கூட என்றுதான் கேட்டிருக்கும்.

பூதலப்பட்டு பக்கம் ஒரு மாம்பழக் கூழ் கம்பெனியில் அவர் மூட்டை தூக்குகிறார். மூத்த மகனும் அங்கேதான். சின்னவன் ஐ.டி.ஐ. படித்துக் கடை வைத்தான். ஒரு நாள் எவனோ ரிப்பேருக்குக் கொடுத்த போன் திருட்டு போன்.

"அது இவனுக்குத் தெரியாதும்மா. ஸ்டேஷனுக்கு இட்டுக்கினு போனாங்க. கேக்கப்போன அண்ணங்காரனையும் உள்ள ஒக்கார வெச்சி அடிச்சாங்க. ரெண்டு பேரையும் ஜட்டியோட நிக்க வெச்சி, போறவங்க வர்றவங்கள்ளாம் பாக்கறாப்ல... வூட்டுக்கு வந்து சின்னவன் சோறே துன்னல. ஒரு வார்த்தை பேசல. கடைக்குப் போவான், வருவான்."

"அப்புறம்?"

"அப்புறம் ஒருத்தன் வந்தாம்மா. போன் ரிப்பேர் பண்ணத்தான் வந்தானாம். நல்லா படிச்சவன், மரியாதையா பேசுவான். தெனமும் வந்து இவன்கூட ஒக்காந்துக்கினு இருப்பான். எங்கியோ தூரத்துல செத்துப்போன ஜனங்களோட படமெல்லாம் காட்டுவானாம். அவங்கள அடிச்ச கையும் உன்ன அடிச்ச கையும் ஒண்ணுதான்னு சொல்வானாம். இதெல்லாம் எனக்குப் பின்னாடி தெரிஞ்சதும்மா. அப்ப இன்னா நெனச்சேன் தெரியுமா? என் புள்ளைகிட்ட யாரோ ஒருத்தன் பொறுமையா பேசறானேன்னு சந்தோசப்பட்டேன். டீ வாங்கிக் குடுத்தேம்மா அவனுக்கு."

"அந்த ஆள் எங்க?"

"அகப்படவே இல்ல."

எனக்கு அப்போதும் இரக்கம் வரவில்லை. உள்ளதைச் சொல்கிறேன். கோபம் இன்னும் கூர்மையானது. "அடி வாங்குனவங்க எல்லாம் குண்டு வெக்கறாங்களா?" என்று கேட்டேன்.

"இல்லம்மா." அவர் உடனே சொன்னார். "பெரியவனுந்தான் அதே அடி வாங்குனான். அதே ஜட்டியோடதான் நின்னான். அவன் இன்னிக்கும் என்கூட மூட்டை தூக்கிக்கினு கீறான். ரெண்டு பேரும் என் ரத்தம்தான். இவன் மட்டும் ஏன் இப்டி ஆனான்னு நானும் கேட்டுக்கினே கீறேன். உங்களாண்ட கேட்டா தெரியுமோன்னு பாத்தேன். நீங்க படிச்சவங்க."

நான் படித்தவள்தான். கரும்பலகை நிறைய எழுதியவள்தான்.

உள்ளே என்னைக் கூப்பிட்டார்கள்.

கூண்டில் அவன் நின்றான். அவன் முகத்தை அன்றுதான் முதன்முதலாகப் பார்த்தேன். பின்னால் தம்பி, அவனுக்கு அடுத்த வரிசையில் டீக்கடைக்காரர், தன் செயற்கைக் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். அரசு வழக்கறிஞர் கேட்டார்: "வண்டியை நிறுத்திவிட்டுப் போன ஆள் இந்தக் கோர்ட்டில் இருக்கிறானா?"

அவன்தான் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. அதுதான் கஷ்டம். நாக்கு நுனியில் அந்த வார்த்தை நின்றது. ஆனால் பார்க்காததைப் பார்த்ததாக எழுதியிருக்கிறார்கள். செய்யாத திருட்டைச் செய்ததாக ஒரு நாள் அவனை நிற்கவைத்தார்கள். வராந்தாவில் கேட்டது என் நல்ல காதில் இன்னும் ஒலித்துக்கொண்டிருந்தது. இதில் நானும் ஒரு கை வைக்க வேண்டுமா?

"நான் பார்த்தது முதுகைத்தான். நீலக் கட்டம் போட்ட சட்டை. முகத்தைப் பார்க்கவில்லை."

வழக்கறிஞர் திருப்பித் திருப்பிக் கேட்டார். போலீஸிடம் வேறு மாதிரி சொன்னீர்களே என்றார். சொல்லவில்லை என்றேன். சொன்னதை மாற்றவில்லை. கூண்டில் நின்றவன் என்னை நிமிர்ந்து பார்த்தான். அந்தப் பார்வையில் நன்றி இல்லை, வருத்தமும் இல்லை. எனக்கு அதில் எதையும் படிக்க முடியவில்லை.

வெளியே படிக்கட்டில் டீக்கடைக்காரர் காத்திருந்தார். சாவியை நான் காட்டியதால்தான் அவர் அங்கே நடந்தார். அதை இத்தனை வருஷத்தில் அவர் ஒரு நாளும் என்னிடம் சொல்லிக்காட்டியதில்லை. அன்று சொன்னது வேறு.

"ஒரு பொய் சொன்னா உங்களுக்கு இன்னா மேடம் கொறஞ்சி போய்டும்? என் கால் போனது பொய்யா?"

"இல்லைங்க."

"அப்புறம்?"

அவர் மனைவி அவரைக் கைத்தாங்கலாக ஆட்டோவில் ஏற்றினாள். தம்பி திருப்பதி வரைக்கும் என்னோடு வரவில்லை. பஸ் ஸ்டாண்டிலேயே நகரி பஸ் ஏறிவிட்டான். வீட்டுக்கு வந்து முகம் கழுவும்போது அந்த எண்ணம் வந்தது. அவன் விடுதலையாகிவிட்டால்? மறுபடியும் எங்கேயாவது ஒரு வண்டியை நிறுத்திவிட்டுப் போனால்? தீர்ப்பு வரும்வரை இந்தப் பயம் என்னை விடவில்லை.

விடுதலை ஆகவில்லை. மொபெட்டை விற்றவர் வந்து அடையாளம் சொன்னார். அவன் கடையில் கிடைத்த வயர்களும் வெடித்த இடத்தில் கிடைத்தவையும் ஒன்று என்று நிரூபணமானது. நீண்ட தண்டனை. பேப்பரில் உள்பக்கத்தில் படித்தேன். நிம்மதியாகத்தான் இருந்தது. தம்பி போன் செய்து, "நல்லவேளைக்கா" என்றான். அவ்வளவுதான் பேசினான், அதன்பின் பழையபடி வீட்டுக்கு வரப் போக ஆரம்பித்தான். டீக்கடைக்காரர் இன்றுவரை என்னோடு பேசுவதில்லை. கடையில் இப்போது அவர் மனைவிதான் நிற்கிறாள். சித்தூர் போனால் அவள் டீ கொடுப்பாள், எப்படி இருக்கீங்க மேடம் என்பாள். அவர் உள்ளே திரும்பி உட்கார்ந்துகொள்வார். அவர்மேல் எனக்குக் குறையில்லை.

போன மாம்பழ சீசனில் சித்தூருக்குப் போய்க்கொண்டிருந்தேன். பூதலப்பட்டு தாண்டியதும் பஸ் நின்றுவிட்டது. கூழ் கம்பெனி வாசலிலிருந்து ரோடு வரைக்கும் பழம் ஏற்றிய டிராக்டர்கள் வரிசையாக நின்றன. வெயிலில் பழுத்த வாடை பஸ்ஸுக்குள் அடித்தது. வாசலில் ஆட்கள் கூடை கூடையாக இறக்கிக்கொண்டிருந்தார்கள். எல்லார் தலையிலும் துண்டு, எல்லார் முதுகிலும் வியர்வை. அவர்களில் ஒருவன் அந்த அண்ணனாக இருக்கலாம். அவனை நான் பார்த்ததில்லை, பெயரும் தெரியாது. அடிபட்டான், அவமானப்பட்டான், மறுநாள் வேலைக்குப் போனான். அவனைப் பற்றி எந்தப் பேப்பரிலும் வரவில்லை. என் பாடப் புத்தகத்திலும் ஒரு வரி இல்லை. இறங்கிப் போய் அவன் யார் என்று விசாரிக்கலாமா என்று ஒரு கணம் தோன்றியது. என்ன கேட்பது? நீ ஏன் எதுவும் செய்யவில்லை என்றா?

டிரைவர் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தார். ஒரு டிராக்டர் ஒதுங்கியதும் பஸ் நகர்ந்தது.