தாம்பூலத் தட்டிலிருந்து எடுத்த எலுமிச்சை

எட்டாம் வகுப்பில் அறிவியல் டீச்சர் ஆப்பச் சோடாவைப் பற்றிச் சொன்ன அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. அமிலம் என்றால் ஹைட்ரஜன் அயனியைக் கொடுப்பது, காரம் என்றால் அதை வாங்கிக்கொள்வது. அதுவரை சரி. ஆனால் ஆப்பச் சோடாவில் இருக்கும் பைகார்பனேட் அயனி, அமிலத்தைக் கண்டால் வாங்கிக்கொள்ளுமாம். தன்னைவிட வலுவான காரத்தைக் கண்டால் கொடுத்துவிடுமாம். எதிரில் நிற்பது யார் என்று பார்த்து வேடம் மாற்றும் ஓர் ஆசாமி இத்தனை நாள் எங்கள் அடுப்படி டப்பாவில் சாதுவாக உட்கார்ந்திருந்திருக்கிறான்! பள்ளிக் கண்காட்சியில் இதைத்தான் செய்வேன் என்று பெயர் கொடுத்தேன். அதற்குள் பொறுக்காமல், காங்கேயத்தில் எங்கள் வீட்டுப் படியேறிய எல்லோருக்கும் செய்து காட்டினேன். கேஸ் சிலிண்டர் கொண்டுவந்தவர்கூடத் தப்பவில்லை.

அந்தச் சமயத்தில்தான் சித்தப்பாவுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. பத்திரிகை அச்சாகி வந்த சந்தோஷத்தில் அப்பா அதைப் படம் பிடித்து வாட்ஸப்பில் எல்லோருக்கும் அனுப்பிவிட்டார். அந்த எல்லோரில் வெள்ளகோவில் மாமாவும், அதாவது அப்பாவின் தங்கையான அத்தையின் வீட்டுக்காரரும் இருந்தார். எங்கள் பக்கத்தில், கூடப்பிறந்தவளைக் கட்டிக்கொடுத்த வீட்டுக்குத்தான் முதலில் தட்டோடு நேரில் போய் அழைக்க வேண்டும். தனக்கும் பால்காரருக்கும் ஒரே நொடியில் அழைப்பு வந்திருக்கிறது, அந்த மரியாதை போதும், தன் வீட்டிலிருந்து யாரும் வரப்போவதில்லை என்று மாமா சொல்லிவிட்டார். யாரும் என்றால் அத்தையும்தான். மாப்பிள்ளையின் அக்கா மணவறைக்கு வந்து இணைச்சீர்ச் சடங்கில் புடவையின் தலைப்பைப் பிடிக்காமல் எங்களில் தாலி கட்டும் பேச்சுக்கே இடமில்லை. சித்தப்பா சவரம்கூடச் செய்துகொள்ளாமல் திரிந்தார்.

அத்தை ஸ்கூட்டியில் இரண்டு ஊருக்கும் நடுவே அலைந்தார். பள்ளி விடுமுறை என்பதால் பின் சீட்டில் நானும் ஒட்டிக்கொண்டேன். எங்கள் வீட்டில் அப்பா மாமாவைப் பற்றி ஏதாவது சொன்னால், அவர் கேட்கிற மரியாதையில் என்ன தப்பு என்று அத்தை ஏறிவிடுவார். வெள்ளகோவிலில் மாமா அப்பாவைப் பற்றி வாயைத் திறந்தால், எங்கண்ணனுக்கு அவ்வளவுதான் தெரியும், மனசில் ஒன்றும் இல்லை என்று அங்கேயும் சண்டைக்கு நிற்பார். அத்தை எந்தக் கட்சி என்று எனக்குக் கடைசிவரை பிடிபடவில்லை. இரண்டு வீட்டிலும் அத்தை சரியாகச் சாப்பிடவில்லை என்பதை மட்டும் பார்த்தேன், ஆனால் அதைப் பற்றி யோசிக்கவில்லை.

ஒருவழியாக அப்பாவைச் சம்மதிக்க வைத்து, வெற்றிலை, பாக்கு, பழம், எலுமிச்சை, சுண்ணாம்பு டப்பி, பத்திரிகை எல்லாம் வைத்த தட்டோடு வெள்ளகோவிலுக்குக் கூட்டிவந்தார் அத்தை. அம்மாவுக்குக் காய்ச்சல் என்பதால் கூட நான் போனேன். என் பையில் நாலைந்து கண்ணாடி டம்ளரும் ஆப்பச் சோடாவும் இருந்தன. மாமா எழுந்து, வாங்க என்றார். அதோடு சரி. அப்பா நீட்டிய தட்டைக் கையில் வாங்காமல் டீப்பாயின் மேல் வைக்கச் சொன்னார். அப்பா மின்விசிறியைப் பார்த்தார், மாமா ஜன்னலைப் பார்த்தார். அத்தை அடுப்படி வாசலில் காப்பித் தட்டோடு நின்றுவிட்டார்.

எனக்கோ, இரண்டு பெரியவர்கள் வேலையில்லாமல் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று பட்டது. கண்காட்சிக்கு இதைவிட நல்ல கூட்டம் கிடைக்குமா? தட்டிலிருந்த எலுமிச்சையை எடுத்து நறுக்கி ஒரு டம்ளரில் பிழிந்தேன். அப்பா கண்ணாலேயே என்னை எரித்தார். அழைக்கப்பட்டவர் தொடாத தட்டில் அழைக்க வந்தவன் மகள் கை வைக்கலாமா? நான் அதற்குள் சுண்ணாம்பை இன்னொரு டம்ளர் தண்ணீரில் கலக்கி வைத்துவிட்டேன். அது அடியில் படிந்து மேலே தெளிய நேரம் பிடிக்கும். அவர்கள் பேசாமல் இருந்த நேரம் அதற்குத் தாராளமாகப் போதுமானதாக இருந்தது. தெளிந்த நீரை மட்டும் வேறொரு டம்ளருக்கு இறுத்துக்கொண்டேன்.

எலுமிச்சைச் சாற்றில் சோடாவைப் போட்டதும் நுரை பொங்கி டீப்பாயில் வழிந்தது. மாமா சட்டென்று பத்திரிகையை எடுத்து நனையாமல் மடியில் வைத்துக்கொண்டார். சுண்ணாம்புத் தெளிவில் அதே சோடாவைக் கரைத்து ஊற்றினேன். பளிங்குபோல இருந்த தண்ணீர் பால்போல வெளுத்தது. மாமா டம்ளரைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தார். என் உற்சாகம் தலைக்கேறிவிட்டது.

"எலுமிச்சைகிட்ட வாங்கிக்குதுங்க மாமா, சுண்ணாம்புகிட்ட குடுத்துருதுங்க. நம்ம அத்தை மாதிரியேங்க. எங்கூட்டுக்கு வந்தா உங்களுக்காக அப்பாகிட்டச் சண்டை போடறாங்க, இங்க வந்தா அப்பாவுக்காக உங்ககிட்டப் போடறாங்க."

அப்பா முதல்முறையாக மாமாவின் முகத்தைப் பார்த்தார். மாமா அடுப்படி வாசலைப் பார்த்தார். அங்கே அத்தை இல்லை, காப்பித் தட்டு மட்டும் மேடைமேல் இருந்தது. மாமா மடியிலிருந்த பத்திரிகையைத் தட்டில் வைத்து, தட்டை இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டார்.

"வெத்தலை வாடுதுங்க மச்சான். முகூர்த்தம் எத்தனை மணிக்குங்க?"

நான் குதித்துக்கொண்டு அடுப்படிக்கு ஓடினேன். சித்தப்பாவுக்கு அக்கா வந்துவிடுவார், தாலி ஏறிவிடும், எல்லாம் என் சோடாவால்! அத்தை குழாயடியில் முகம் கழுவிக்கொண்டிருந்தார். நான் கொண்டுபோன டம்ளர்களை வாங்கி, இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். ஒன்றில் நுரை அடங்கியிருந்தது. மற்றதில் வெள்ளைத்தூள் அடியில் இறங்கிக்கொண்டிருந்தது.

"இதுல அந்தச் சோடா எங்க கண்ணு இருக்குது?"

இது டீச்சர் கேட்ட அதே கேள்வி. வகுப்பில் நான் ஒருத்திதான் சரியாகச் சொல்லியிருந்தேன்.

"இல்லீங்க அத்தை. இதுல காத்தாப் போயிருச்சுங்க. அதுல சாக்பீஸ் தூளாப் போயிருச்சுங்க. ரெண்டுலயும் சோடான்னு ஒண்ணு மிச்சமே இல்லீங்க."

அத்தை தலையாட்டிவிட்டு டம்ளர்களைக் கழுவிக் கவிழ்த்தார். சரியான விடை சொல்லிவிட்ட பெருமையில், பாராட்டுக்காக நான் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றேன்.