பாடைச்சுழி

எங்கள் பக்கத்தில் மாடு வாங்கப் போகிறவர் முதலில் பல்லைப் பார்ப்பார், அப்புறம் மடியைப் பார்ப்பார், கடைசியாக ஒரு சுற்று சுற்றி வந்து உள்ளங்கையால் உடம்பு முழுக்கத் தடவுவார். அந்தக் கை தேடுவது சுழியை. மாட்டின் ரோமம் ஓரிடத்தில் வட்டமாகத் திரும்பிப் படுத்திருக்கும், அதுதான் சுழி. நெற்றியில் ஒற்றையாக இருந்தால் வீட்டுக்கு லட்சணம். முதுகுத்தண்டுக்கு இரண்டு பக்கமும் எதிரெதிரே இருந்தால் அதன் பெயர் பாடைச்சுழி. பாடையின் இரண்டு மூங்கிலை நினைத்து யாரோ வைத்த பெயர். அப்படிப்பட்ட மாட்டை வாங்கிக் கட்டினால், கட்டினவன் வீட்டிலிருந்து பாடை கிளம்பும் என்பார்கள்.

உடையார்பாளையம் பக்கம் இந்தச் சொல் மாட்டோடு நிற்பதில்லை. அடங்காத பிள்ளையை ரெட்டைச்சுழிப் பய என்பார்கள். பெண் பார்க்கப் போகிற பெரியம்மாக்கள், பூ வைத்துவிடுகிற சாக்கில் பெண்ணின் நெற்றி முடியை ஒதுக்கிப் பார்ப்பார்கள். ஒருவன் தொட்டதெல்லாம் கெட்டால் 'அவன் சுழி அப்படி' என்று பேச்சை முடித்துவிடுவார்கள். கொள்ளிடத்தில் ஆளை இழுத்துக்கொள்கிற இடத்துக்கும் இதே பெயர்தான்.

நான் அலுவலகத்தில் எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவன். இதையெல்லாம் கேட்டால் எனக்கு எரிச்சல் வரும். ரோமம் திரும்பிப் படுத்தால் ஆள் செத்துப்போவானா என்று டீக்கடையில் குரல் உயர்த்திச் சண்டை போட்டிருக்கிறேன். அதே நான் ராகுகாலத்தில் வண்டியை எடுக்க மாட்டேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். நான் சொல்லாவிட்டால் என் மனைவி சொல்லிவிடுவாள்.

எங்கள் ஊரில் ஒரு வழக்கம் உண்டு. சொந்தக் கட்டுத்தறியில் பிறந்த கன்றுக்குச் சுழி பார்ப்பதில்லை. பிறந்த வீட்டில் அது பிள்ளை, பிள்ளைக்கு ஏது சுழி என்பார்கள். கைமாறி வேறொரு வாசலில் கால் வைக்கும்போதுதான் சுழி வேலை செய்யுமாம். எங்கள் செவலை எங்கள் வீட்டிலேயே பிறந்தவள். மூன்று வருஷம் அவள் முதுகை நாங்கள் யாரும் உற்றுப் பார்த்ததில்லை.

செவலை தலைச்சினையாக இருந்தபோது என் மனைவிக்கு இடுப்பில் ஆபரேஷன் ஆயிற்று. இனிக் குனிந்து பால் கறக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். எனக்கு மாட்டைத் தடவிக்கொடுக்கத் தெரியும், கறக்கத் தெரியாது. விற்றுவிடலாம் என்று முடிவு செய்து ஒரு தரகரை வரச்சொன்னோம்.

அவர் பல்லைப் பார்த்தார், மடியைப் பார்த்தார், முதுகைத் தடவினார். கை நின்றுவிட்டது. அந்தக் கையைத் துண்டில் துடைத்துக்கொண்டார்.

"சார், நீங்க படிச்சவங்க. உங்க வூட்டுல பொறந்தது உங்ககிட்டயே இருக்கட்டும்."

ஏன் என்று கேட்டேன்.

"பாடைச்சுழிங்க" என்றார். மனைவி நீட்டிய மோரை வாங்காமலே போய்விட்டார்.

அதற்குப் பிறகு இரண்டு பேர் வந்தார்கள், இரண்டு பேரும் அதே இடத்தில் கையை எடுத்துக்கொண்டு போனார்கள். மனைவிக்குத் தூக்கம் போயிற்று. வீட்டில் பிறந்ததற்குத் தோஷம் இல்லை என்று அவளேதான் எனக்கு எடுத்துச் சொன்னாள். ஆனால் நான் டவுனுக்குப் போய்வரக் கொஞ்சம் தாமதமானாலும் வாசலிலேயே நிற்பாள். அந்தச் சொல் வீட்டுக்குள் வந்த பிறகு நாங்கள் செவலையின் முகத்தைப் பார்ப்பதை விட்டு முதுகைப் பார்க்க ஆரம்பித்துவிட்டோம்.

சூடு போடும் யோசனை என்னுடையது. மனைவி சொன்னதாக ரொம்ப நாள் எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். இல்லை, என்னுடையதுதான். மாட்டுக்கு வாயு பிடித்தால் முதுகில் சூடு போடுவது வழக்கம், யாரும் சந்தேகப்பட மாட்டார்கள். அரிவாள் முனையைக் காயவைத்து இரண்டு சுழியின் மேலும் வைத்தேன். மூடநம்பிக்கைக்காரர்களை ஏமாற்றினால் தப்பில்லை என்று அப்போது ஒரு நியாயமும் வைத்திருந்தேன். செவலை கத்தவில்லை. முதுகை நெளித்துக் கீழே உட்காரப் பார்த்தாள். கருகிய ரோமத்தின் நாற்றம் ரெண்டு நாள் தொழுவத்தை விட்டுப் போகவில்லை.

புண் ஆறின சமயத்தில் திருமானூர்ப் பக்கத்திலிருந்து மச்சான் வந்தார். என் மனைவிக்கு ஒன்றுவிட்ட அண்ணன். செவலையை விற்கப் போவதைக் கேள்விப்பட்டு வந்திருந்தார். அவர் பல்லைப் பார்க்கவில்லை, மடியைப் பார்க்கவில்லை. முதுகில் இருந்த வடுவை மட்டும் தொட்டு, "இது என்னா மாப்ள?" என்றார்.

"வாயு புடிச்சுதுங்க மச்சான். சூடு போட்டோம்."

"சரி சரி. மாப்ள வூட்டு மாடு. இதுல பாக்க என்னா இருக்கு?"

என் மனைவி உள்ளே போனவள், மாட்டை ஏற்றிய டெம்போ தெருமுனை தாண்டுகிற வரைக்கும் வெளியே வரவில்லை.

மூன்றாவது மாதம் மச்சான் இறந்துபோனார். மழை பெய்த மறுநாள் காலையில் மோட்டார் போடப் போனவர், ஈரக் கையால் சுவிட்சைத் தொட்டுவிட்டார். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதைதான். ஈரக் கையும் கரண்ட்டும் சேர்ந்தால் ஆள் சாவான், இதில் மாட்டுக்கு என்ன வேலை? பஸ்ஸில் போகும்போது வழி நெடுக இதையேதான் எனக்குள் சொல்லிக்கொண்டு போனேன். அவர் வீட்டு வாசலில் பாடை கட்டிக்கொண்டிருந்தார்கள். இரண்டு மூங்கில் எதிரெதிரே கிடந்தது. அதைப் பார்த்ததும் நான் வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தது ஒன்றுகூட நினைவில் நிற்கவில்லை.

கருமாதி அன்றுதான் மச்சானுடைய அம்மா வாயைத் திறந்தார். மருமகளைக் கைகாட்டி, பந்திக்கு வந்திருந்த எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னார்.

"இவ நெத்தி மயிர்ல சுழி இருக்குன்னு பொண்ணு பாத்த அன்னிக்கே எங்க அக்கா சொன்னா. நான்தான் கேக்கல. எம்புள்ளய முழுங்கிட்டு நிக்கிறா பாருங்க."

மச்சானின் மனைவி எனக்குத் தங்கச்சி முறை. அவள் தலையைக் குனிந்துகொண்டு இலையில் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தாள். நெற்றி முடியைப் புடவைத் தலைப்பால் இழுத்து மூடிக்கொண்டாள். கொட்டகை மூலையில் செவலை வைக்கோல் மென்றுகொண்டு நின்றாள். அவள் முதுகில் இருந்த இரண்டு வடுவும் நான் நின்ற இடத்திலிருந்தே தெரிந்தன. 'சுழி அவளுக்கு இல்லை, அதோ அந்த மாட்டுக்கு. அதை மறைத்து விற்றவன் நான்' என்று இரண்டே வாக்கியம் சொல்லியிருந்தால் போதும், அந்த இடத்திலேயே அவள் தலை நிமிர்ந்திருக்கும். நான் சொல்லவில்லை. எனக்குப் பயமாக இருந்தது.

அதற்கப்புறம் அந்தச் சுழி என்னை விடவில்லை. காபியை ஆற்றினால் டம்ளருக்குள் சுழி தெரியும். பேத்திக்குத் தலை துவட்டும்போது உச்சியில் என் கை நின்றுவிடும். குளியலறையில் தண்ணீர் வட்டமடித்து இறங்குவதைப் பார்க்கப் பிடிக்காமல் முகத்தைத் திருப்பிக்கொள்வேன். இத்தனைக்கும் எனக்குச் சுழியில் நம்பிக்கை கிடையாது. அதுதான் என்னைப் போட்டு அரித்தது. நம்பாதவன் எதற்காக அதைச் சுட்டு மறைத்தேன்? நம்புகிறவன் என்றால் எப்படி அதை மச்சான் வாசலுக்கு அனுப்பினேன்? இந்த இரண்டில் நான் எந்த ஆளாக இருந்தாலும் அயோக்கியன்தான்.

செவலை கன்று போட்டதும் தங்கச்சி சீம்பால் எடுத்துக்கொண்டு இரண்டு பஸ் மாறி வந்தாள். பிறந்த வீட்டுக்குச் சேர வேண்டிய பங்காம். மனைவி அதைக் காய்ச்சி, வெல்லம் போட்டுக் கொடுத்தாள். ஒரு வாய்க்கு மேல் எனக்கு இறங்கவில்லை. பேச்சுவாக்கில் தங்கச்சி சொன்னாள், வெளியூர் கிளம்புகிறவர்கள் எதிரில் அவள் வரக்கூடாது என்று மாமியார் சொல்லியிருக்கிறாராம். கொழுந்தன் வீட்டு நிச்சயதார்த்தத்தில் இவள் அடுப்பங்கரையை விட்டு வரவில்லையாம். வெயில் அதிகம் என்று சொல்கிற மாதிரி சாதாரணமாகச் சொன்னாள். சொல்லும்போதே கை தன்னால் நெற்றிக்குப் போய் முடியை மூடியது.

அவள் கிளம்பிப் போன பிறகு மனைவி என்னைப் பார்த்து, "போய் சொல்லிட்டு வாங்க. இல்லாட்டி எனக்கு சோறு எறங்காது" என்றாள்.

அடுத்த வாரம் போனேன். திருமானூரில் இறங்கி இன்னொரு பஸ் பிடித்து அவர்கள் ஊருக்குப் போய்ச் சேரும்போது காலை பதினோரு மணி. தங்கச்சி கொட்டகையில் செவலையைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தாள். கன்று பக்கத்தில் கட்டிக் கிடந்தது. வீட்டில் வேறு யாரும் இல்லை. அத்தை கோயிலுக்குப் போயிருப்பதாகச் சொன்னாள். செவலை என்னை அடையாளம் கண்டு மூக்கை நீட்டினாள். நான் தொடவில்லை.

"ஏம்மா, உங்கிட்ட ஒண்ணு சொல்லணும்" என்று ஆரம்பித்தேன். தரகர் கையை எடுத்ததிலிருந்து அரிவாள் காயவைத்தது வரைக்கும் எல்லாவற்றையும் சொன்னேன். சொல்லும்போது செவலையின் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தேன். "உங்க அத்தை வந்ததும் அவங்ககிட்டயும் சொல்லிடறேன். பழி எம்மேல வரட்டும். உன்னை இனி யாரும் ஒரு வார்த்தை சொல்லக்கூடாது" என்று முடித்தேன்.

அவள் ஒரு சொம்புத் தண்ணீர் மொண்டு செவலையின் முதுகில் ஊற்றினாள். நனைந்த ரோமத்தைக் கையால் நீவிவிட்டாள்.

"இங்க பாருங்கண்ணே" என்றாள்.

வடுவைச் சுற்றிப் புதுசாக ரோமம் முளைத்திருந்தது. முளைத்ததும் வட்டமாகத்தான் திரும்பிப் படுத்திருந்தது.

"தெனமும் குளிப்பாட்டுறவளுக்குத் தெரியாதா? வந்த ரெண்டாம் மாசமே பாத்துட்டேன். எங்க வூட்டுக்காரங்ககிட்டயும் சொன்னேன்."

"மச்சான் என்னா சொன்னாரு?"

"சிரிச்சாங்க. மாப்ள தெரிஞ்சி குடுப்பாரா, அவருக்கே தெரிஞ்சிருக்காதுடின்னாங்க."

தண்ணீர்த் தொட்டியைப் பிடித்துக்கொண்டேன்.

"அப்ப அத்தை உன்னைய பேசறப்பல்லாம் ஏம்மா வாய மூடிகிட்டு இருந்த? மாட்டுக்குத்தான் சுழின்னு சொல்லியிருக்கலாம்ல?"

"சொல்லியிருந்தா மறுநாளே லாரியில ஏத்தியிருப்பாங்கண்ணே. வேற வீட்டுலயும் கட்ட மாட்டாங்க, அடிமாட்டுக்குத்தான் போகும். இது கறக்கற பால்லதான் நானும் புள்ளைங்களும் சாப்பிடறோம். எனக்குன்னு இருக்கறது இது ஒண்ணுதான்." கன்றின் கழுத்துக் கயிற்றைத் தளர்த்திவிட்டாள். "பழி மாட்டு மேல போனா மாட்ட வித்துருவாங்க. எம்மேல இருந்தா என்னைய எங்க கொண்டு போயி விக்கிறது? இருந்துட்டுப் போவுது."

எனக்கு அழுகை வந்துவிட்டது. அவள் பார்க்காத மாதிரி பிண்ணாக்கை ஊறப்போட்டுக்கொண்டிருந்தாள். மன்னிப்பு கேட்கலாம் என்று வாயெடுத்தேன். அதற்குள் தெருவில் செருப்புச் சத்தம் கேட்டது. அவள் நிமிர்ந்து பார்த்தாள். முடியை இழுத்து நெற்றியை மூடிக்கொண்டாள்.

"அத்தை வராங்க. நனைஞ்சா வட்டம் நல்லா தெரியும்ணே. அந்தச் சாக்கை எடுத்து அது முதுவுல போட்டு வுடுங்க."

கொட்டகைச் சுவரில் ஒரு சாக்கு மடித்துத் தொங்கியது. நான் அதை எடுத்து, இரண்டு சுழியும் மறைகிற மாதிரி செவலையின் முதுகில் போட்டுவிட்டேன்.