அம்மா அடித்த பலகை

இன்று ஜெர்மனியின் கொலோன் நகரில், எங்கள் பள்ளி மைதானத்தில் ஓட்டத்தைத் தொடங்க இரண்டு மரப்பலகைகளை 'டப்' என்று அடித்தார்கள். சட்டென்று காத்ரின் நினைவு வந்தது.

அவர் எங்கள் விளையாட்டுக் கழகத்தின் வேக ஓட்டக்காரி. எட்டு வயதில் நான் அங்கே சேரப் போன அன்று தொடக்கத் துப்பாக்கி வெடித்தது. இலங்கையில் போரைப் பார்த்த அம்மா என்னைப் புல்லில் குப்புறத் தள்ளினார்.

"ஓட்டமும் வேண்டாம், ஒண்டும் வேண்டாம். வா, வீட்ட போவம்!"

காத்ரின் சிரிக்கவில்லை. துப்பாக்கிக்குப் பதிலாக இரண்டு மரப்பலகைகளைக் கொண்டுவந்து, "நான் ஓட நீங்களே இதை அடியுங்கள்" என்று அம்மாவிடம் நீட்டினார்.

அதன்பின் பயிற்சிதோறும் அம்மா அடித்தார், காத்ரின் பறந்தார், பின்னால் நானும் ஓடினேன். காத்ரின் ஜெர்மன் அணியில் ஓடியபோது அம்மா தொலைக்காட்சியை விட்டு அசையவில்லை. "என்ர சத்தத்துக்கு ஓடின பிள்ளை!"

வரும் சனிக்கிழமை எனக்கு முதல் பெரிய போட்டி. மாலையில் அம்மாவிடம், அங்கே துப்பாக்கிதான் வெடிக்கும் என்றேன்.

"வாறன். காதைப் பொத்துவன், கண்ணைப் பொத்தமாட்டன்."